கார்த் துரத்தல் படங்களில் மெய்யோட்டமும் ஓட்டுநர் பெயரும்

முன்னுரை

திரைப்படம் தோன்றிய காலந்தொட்டே துரத்தல் அதன் இயல்பான பொருள்களுள் ஒன்றாக இருந்து வந்துள்ளது. அசையும் படம் என்னும் புதுமைக்கு ஓடுபவன் ஒருவனும் துரத்துபவன் ஒருவனுமே போதுமான கதையாக அமைந்தனர். 1910களில் மாக் சென்னட்டின் கீஸ்டோன் நிறுவனம் எடுத்த நகைச்சுவைக் குறும்படங்களில் காவலர் கூட்டம் ஒன்று ஒரே காரில் தொற்றிக்கொண்டு தெருத்தெருவாக விரைந்தது. இத்தகைய காட்சிகளை எடுக்கும்போது படக்கருவியை இயல்பினும் மெதுவாகச் சுழற்றினர். அவற்றை வழக்கமான வேகத்தில் திரையிட்டபோது எல்லாம் பறப்பதாகத் தோன்றியது. பேசும்படக் காலத்தில் வேறொரு வழக்கம் நிலைபெற்றது. நடிகர் படநிலையத்துக்குள் நிறுத்திய காரில் அமர்ந்து ஸ்டியரிங்கை இருபுறமும் அசைப்பார். அவருக்குப் பின்னுள்ள திரையில் முன்னரே எடுத்த தெரு ஓடிக்கொண்டிருக்கும். இவ்விரு உத்திகளும் பார்வையாளரால் அறியப்பட்டவையே. எனினும் ஏறத்தாழ அரை நூற்றாண்டுக் காலம் அவை குறையாகக் கருதப்படவில்லை.

1968இல் வெளிவந்த 'புல்லிட்' என்னும் அமெரிக்கப் படம் இந்நிலையை மாற்றியது. அதன்பின் 'மெய்யாகவே ஓட்டி எடுக்கப்பட்டது' என்பது ஒரு துரத்தல் காட்சிக்குக் கிடைக்கும் தலையாய பாராட்டாயிற்று. கணினி வரைகலை பெருகிய பின்னரும் அப்பாராட்டின் மதிப்புக் குறையவில்லை. கூடியதென்றே சொல்ல வேண்டும். அப்பாராட்டு உண்மையில் எதைக் குறிக்கிறது, மெய்யாக ஓட்டியவர் யார், அந்த மெய்ம்மைக்கு விலை கொடுத்தவர் யார் என்னும் வினாக்கள் இங்கு ஆராயப்படுகின்றன. தமிழில் 'மெய்' என்னும் சொல் உண்மையையும் உடலையும் ஒருசேரக் குறிப்பது இவ்வாராய்ச்சிக்குத் துணைசெய்கிறது. துரத்தல் காட்சி பற்றிய பேச்சில் இவ்விரு பொருளும் அடிக்கடி ஒன்றோடொன்று மயங்குகின்றன.

புல்லிட் (1968)

இப்படத்தின் இயக்குநர் பீட்டர் யேட்ஸ் ஆங்கிலேயர். 1967இல் அவர் எடுத்த 'ராபரி' என்னும் படத்தின் தொடக்கத்தில் இலண்டன் தெருக்களில் நிகழும் துரத்தல் ஒன்று உண்டு. அதனைக் கண்டே நாயகன் ஸ்டீவ் மக்வீன் தம் படத்திற்கு அவரை அழைத்தார் என்பர். படப்பிடிப்பு நகரமாகச் சான் பிரான்சிஸ்கோ தெரிவு செய்யப்பட்டது. அந்நகரின் செங்குத்தான தெருக்கள் குறுக்குத் தெருவைச் சந்திக்கும் இடந்தோறும் சமதளமாகி, அடுத்த கணமே மீண்டும் சரியும். விரைந்து வரும் கார் அச்சமதள விளிம்பில் நிலத்தை விட்டெழுந்து கீழே வீழ்வது தவிர்க்க இயலாதது. எனவே காட்சியின் தாள அமைப்பை நகரின் நில அமைப்பே வகுத்துத் தந்தது எனலாம்.

நாயகன் ஓட்டியது ஃபோர்டு மஸ்டாங் ஜிடி 390. எதிரிகள் ஓட்டியது டாட்ஜ் சார்ஜர் ஆர்டி. இரண்டும் 1968ஆம் ஆண்டு வண்டிகள். வகைக்கு இரண்டாக நான்கு கார்கள் ஆயத்தம் செய்யப்பட்டன. தெருவில் ஓடுவதற்கென்று செய்யப்பட்ட கார் மேட்டிலிருந்து திரும்பத் திரும்ப வீழ்ந்தால் அதன் அடிப்பாகம் முறிந்துவிடும். பந்தயக் கார் செப்பனிடுவதில் கைதேர்ந்த மாக்ஸ் பல்கௌஸ்கி என்பவர் சுருள்வில்களையும் அதிர்வுதாங்கிகளையும் மாற்றி, மஸ்டாங்கின் உடற்கூட்டை வலுப்படுத்தினார். சார்ஜருக்கு அவ்வளவு வேலை தேவைப்படவில்லை என்று கூறப்படுகிறது. படத்தைக் கூர்ந்து நோக்குவார்க்கு இவ்வேலையின் பயன் புலப்படும்: மேட்டில் எழுந்து வீழும் ஒவ்வொரு முறையும் கார் முன்புறம் குனிந்து, பின் நிமிர்ந்து, ஒருபுறம் சாய்ந்து தன் எடையைக் காட்டுகிறது. வேகத்தைக் காட்டிலும் எடையே இக்காட்சியை நம்பவைப்பது.

காட்சி முழுவதும் இயல்பான வேகத்திலேயே, அதாவது நொடிக்கு 24 படச்சட்டம் என்னும் கணக்கிலேயே எடுக்கப்பட்டது. மணிக்கு 120 கிலோமீட்டர் அளவில் ஓட்டுவதாகத் திட்டமிட்டிருந்தனர். சிற்சில இடங்களில் 175 கிலோமீட்டரைத் தாண்டியது. ஒளிப்பதிவாளர் வில்லியம் ஃப்ரேக்கர் படக்கருவியைக் காருக்குள்ளேயே பொருத்தி, ஓட்டுபவரின் தோளுக்குப் பின்னிருந்து தெருவைக் காட்டினார். இசையமைப்பாளர் லாலோ ஷிஃப்ரின், இரு கார்களும் ஒன்றையொன்று மெல்ல நோட்டமிடும் பகுதிக்கு மட்டும் இசை அமைத்தார். துரத்தல் தொடங்கும் கணத்தில் இசை நின்றுவிடுகிறது. எஞ்சிய நிமிடங்களில் எந்திர ஒலியும் சக்கரங்களின் கீச்சொலியுமே கேட்கின்றன. அக்கணத்திற்குச் சற்று முன் எதிரிக் காரின் ஓட்டுநர் தம் இருக்கைப் பட்டையை எடுத்து மாட்டிக்கொள்கிறார். உரையாடலே இல்லாத இக்காட்சியில் வரவிருப்பதை அறிவிக்க அந்தச் சிறு செயலே போதுமானதாகிறது.

இவையெல்லாம் மெய். ஆனால் இதே காட்சியில் பொய்யும் நிரம்ப உண்டு. ஒரே பச்சை நிற வோக்ஸ்வாகன் கார் பலமுறை முந்தப்படுகிறது. ஒரே ஓட்டத்தைப் பல கோணங்களில் எடுத்து அடுத்தடுத்து வைத்ததன் விளைவு அது. சார்ஜரின் சக்கர மூடிகள் நான்குக்கும் மேற்பட்ட முறை கழன்று உருளுகின்றன. நகரை அறிந்தவர்க்கு அக்கார்கள் சென்ற வழி ஒட்டாது. ஒன்றுக்கொன்று தொலைவிலுள்ள தெருக்கள் ஒரே திருப்பத்தில் இணைகின்றன. இறுதியில் சார்ஜர் பெட்ரோல் நிலையத்தின் மீது மோதி வெடிக்க வேண்டும். உண்மையில் அது இலக்குத் தவறித் தாண்டிச் சென்றது. வெடிப்பு மட்டும் குறித்தபடி நிகழ்ந்தது. படத்தொகுப்பாளர் ஃபிராங்க் கெல்லர் அவ்விடத்தைச் சில துண்டுகளால் மறைத்தார். நிறுத்தி நிறுத்திப் பார்ப்பவர்க்கு அது இன்றும் தெரியும். அவ்வாண்டின் படத்தொகுப்புக்கான ஆஸ்கர் விருது கெல்லருக்கே கிடைத்தது.

ஆகவே 'மெய்யான துரத்தல்' என்பது ஒரு பயணம் நிகழ்ந்தபடியே பதிவு செய்யப்பட்டது என்று பொருள்படாது. மெய்யான தனித்தனி ஓட்டங்களைக் கொண்டு நிகழாத ஒரு பயணம் கட்டப்பட்டது என்பதே பொருந்தும். கூறு ஒவ்வொன்றும் உண்மை, கூட்டு புனைவு. இவ்வேறுபாட்டை உணராமல் இப்படத்தைப் புகழ்ந்தோரும் உளர். வோக்ஸ்வாகனை எண்ணிக் காட்டி இகழ்ந்தோரும் உளர். இரு சாராரும் ஒரே பிழையைச் செய்கின்றனர்.

கண்ணாடியில் தெரியும் முகம்

மக்வீனே முழுவதையும் ஓட்டினார் என்னும் செய்தி படத்தின் விளம்பரத்தோடு பரவி நெடுங்காலம் நிலைத்தது. அவர் தேர்ந்த ஓட்டுநர் என்பதில் ஐயமில்லை. 1970இல் செப்ரிங் 12 மணிநேரப் பந்தயத்தில் பீட்டர் ரெவ்சனுடன் இணைந்து ஓட்டி இரண்டாமிடம் பெற்றவர் அவர். எனினும் படத்தின் அகச்சான்று வேறொன்றைக் கூறுகிறது. மக்வீன் ஓட்டும் துண்டுகளில் காரின் உட்புறக் கண்ணாடி தாழ்த்தப்பட்டு அவர் முகம் அதில் தெரிகிறது. வேறொருவர் ஓட்டும் துண்டுகளில் கண்ணாடி உயர்த்தப்பட்டு முகம் மறைக்கப்படுகிறது. அவ்வேறொருவர் பெரும்பாலும் பட் எக்கின்ஸ். சிலவிடங்களில் லாரன் ஜேன்ஸ். ஒரு திருப்பத்தை மக்வீன் தவறவிட்டு, சக்கரங்கள் புகைய வண்டியைப் பின்னோக்கிச் செலுத்தும் துண்டு படத்தில் அப்படியே வைக்கப்பட்டுள்ளது. அந்நிகழ்ச்சிக்குப் பின்னரே ஆபத்தான பகுதிகள் எக்கின்ஸிடம் ஒப்படைக்கப்பட்டன என்பது படக்குழுவினர் வழிவந்த செய்தி. நாயகனின் தவறு நாயகனின் துணிவாகத் திரையில் மாறிவிட்டது சுவையான செய்தியே.

எக்கின்ஸுக்கு இது புதிதன்று. 1963இல் வந்த 'தி கிரேட் எஸ்கேப்' படத்தில் மோட்டார் சைக்கிளில் முள்வேலியைத் தாண்டியவர் அவரே. பார்வையாளர் நினைவில் தாண்டியவர் மக்வீன்தான். அதை எக்கின்ஸ் செய்ததாக மக்வீன் வெளிப்படையாகவே கூறியிருந்தும் அந்நினைவு மாறவில்லை. தமிழ்த் திரையுலகில் 'டூப்' என்னும் ஒரு சொல்லுக்குள் அடங்கிவிடும் இந்நிலை உலகெங்கும் ஒன்றாகவே இருந்தது. அக்காலப் படங்களின் பெயர்ப்பட்டியலில் சாகசக் கலைஞர்களின் பெயர்கள் பெரும்பாலும் இடம்பெறுவதில்லை. திரையில் உடல் ஒருவருடையது, முகம் மற்றொருவருடையது. பெயரோ முகத்திற்கே உரியது.

இங்கு முல்லைத்திணைப் பாடல்கள் நினைவுக்கு வருவது இயல்பு. வினைமுடித்து மீளும் தலைவன் தேர்ப்பாகனை விளித்துத் தேரை விரைந்து செலுத்துமாறு கூறும் கூற்றுகள் அவற்றுள் பல. விரைவு தலைவனின் வேட்கை, கைத்திறன் பாகனுடையது. அகமரபில் பாகனுக்குப் பெயரில்லை என்பது உண்மையே. ஆனால் அங்கே தலைவனுக்கும் பெயரில்லை. திரைப்படம் தலைவனுக்கு மட்டும் பெயர் சூட்டியது.

பில் ஹிக்மனும் நியூயார்க் தெருவும்

சார்ஜரை ஓட்டியவர் பில் ஹிக்மன். இருக்கைப் பட்டையை மாட்டிக்கொள்ளும் அந்த மூக்குக்கண்ணாடிக்காரர் அவரே. எதிரிப் பாத்திரமாக நடித்து, தாமே ஓட்டியமையால் முகமும் உடலும் பிரியாமல் நின்ற அரிய நிலை அவருக்கு வாய்த்தது. நடிகர் ஜேம்ஸ் டீனின் நண்பர் அவர். 1955இல் டீன் விபத்தில் இறந்த நாளில் பின்னால் வந்த வண்டியை ஓட்டிக்கொண்டிருந்தவர். புல்லிட் படத்தின் தயாரிப்பாளர் பிலிப் டி'ஆன்டோனி அடுத்து வில்லியம் ஃபிரீட்கினை இயக்குநராகக் கொண்டு 'தி ஃபிரெஞ்ச் கனெக்ஷன்' (1971) எடுத்தபோது ஹிக்மனையும் உடன் அழைத்துக்கொண்டார்.

அப்படம் 1960களின் தொடக்கத்தில் நியூயார்க் காவல்துறை மேற்கொண்ட போதைப்பொருள் வழக்கொன்றை அடிப்படையாகக் கொண்டது. ஆனால் அவ்வழக்கில் துரத்தல் ஏதும் நிகழவில்லை. இயக்குநரும் தயாரிப்பாளரும் மன்ஹாட்டன் தெருக்களில் நடந்துகொண்டே பேசிப் புனைந்தது அது. ஆவணத்தன்மை மிக்கது எனப் போற்றப்படும் படத்தில், மிகுந்த மெய்ம்மையுடையதாகக் கருதப்படும் காட்சியே ஆவணத்தில் இல்லாதது என்பது நோக்கத்தக்கது. புரூக்லினில் தூண்கள் மீது செல்லும் இரயில்பாதையில் கொலையாளி தப்பிச் செல்கிறான். கீழே, தூண்களுக்கிடையே, ஜீன் ஹாக்மன் ஏற்ற காவலர் பாத்திரம் வழியில் நின்ற ஒருவரிடமிருந்து பறித்த போன்டியாக் காரில் இரயிலைத் துரத்துகிறது. காரும் காரும் துரத்தும் வழக்கத்திலிருந்து விலகிய இவ்வமைப்பு, பார்வையைச் சாலையிலிருந்து பிரித்து மேலும் கீழுமாக அலைக்கழிக்கிறது.

இக்காட்சியின் சில பகுதிகள் நொடிக்கு 24க்குக் குறைவான சட்டங்களில் எடுக்கப்பட்டன. அவ்வகையில் இது புல்லிட்டை விடக் 'கலப்பு' மிகுந்தது. ஆனால் இதன் ஒரு பகுதி புல்லிட் துணியாத ஒன்றைச் செய்தது. ஹிக்மன் 26 தெருப்பகுதிகளின் நீளத்துக்கு, மணிக்கு 140 கிலோமீட்டரை எட்டும் வேகத்தில், போக்குவரத்துத் தடுக்கப்படாத தெருவில் காரை ஓட்டினார். கூரைமீது ஒரு காவல்துறை விளக்கு மட்டும் வைக்கப்பட்டிருந்தது. பின்னிருக்கையிலிருந்து படம்பிடித்தவர் ஃபிரீட்கினே; தம் ஒளிப்பதிவுக் குழுவினர் குடும்பத்தினர், தாம் அப்போது தனியர் என்பது அவர் கூறிய காரணம். குழந்தை வண்டியோடு சாலையைக் கடக்கும் பெண் ஒத்திகை பார்த்த நடிகை. ஆனால் முன்கண்ணாடி வழியே தெரியும் கார்கள் பலவற்றின் ஓட்டுநர்கள், தாம் ஒரு படத்தில் இடம்பெறுவதை அறியாதவர்கள்.

மெய்ம்மை பற்றிய வினா இங்கே அறம் பற்றிய வினாவாகிறது. சாகசக் கலைஞர் தம் உடலைப் பணயம் வைப்பது அவர் தொழில். அதற்கு ஊதியமும் ஒப்பந்தமும் உண்டு. பணிக்குச் செல்பவர் அத்தகைய ஒப்பந்தம் எதிலும் கையெழுத்திட்டவர் அல்லர். இக்காட்சி தரும் அச்சவுணர்வின் ஒரு பகுதி அவர்களுடைய அறியாமையிலிருந்தே பிறக்கிறது. அவர்கள் விலகுவது நடிப்பன்று. ஃபிரீட்கின் பிற்காலத்தில் பலமுறை இதனைக் குறித்து வருந்தினார். எவரும் காயமுறாதது இறையருள் என்றும், அதுபோல் மீண்டும் செய்யமாட்டேன் என்றும் கூறினார். ஐந்து ஆஸ்கர் விருதுகளைப் பெற்ற அப்படத்தின் வெற்றிக்குப் பின்னர் வந்த வருத்தம் அது. துரத்தல் காட்சிக்கான புகழ் இம்முறையும் விருதுவடிவில் படத்தொகுப்பாளரிடமே, ஜெரி கிரீன்பர்க்கிடமே, சென்றது. ஹிக்மன் அதே படத்தில் கூட்டாட்சி அரசின் அலுவலராக நடித்து, இறுதியில் நாயகனின் குண்டுக்குத் தவறுதலாக இரையாகிறார். 1973இல் டி'ஆன்டோனி தாமே இயக்கிய 'தி செவன் அப்ஸ்' அவருடைய மூன்றாவது பெரிய ஓட்டம்.

பெருக்கமும் கணக்கீடும்

1970களில் இவ்வகைப் படங்கள் பெருகின. புல்லிட்டின் சாகச ஒருங்கிணைப்பாளரான கேரி லாஃப்டின் 1971இல் மட்டும் 'வானிஷிங் பாயின்ட்', 'டூயல்' இரண்டிலும் பணியாற்றினார். ஸ்டீவன் ஸ்பீல்பர்க் தொலைக்காட்சிக்காக எடுத்த 'டூயல்' படத்தில் முகம் காட்டாத லாரி ஓட்டுநர் அவரே. பெயரற்ற பாகன் அங்கே கதையின் பொருளாகவே ஆகிவிட்டான். எச்.பி. ஹாலிக்கி எழுதி, இயக்கி, நடித்து, ஓட்டிய 'கான் இன் 60 செகண்ட்ஸ்' (1974) படத்தின் துரத்தல் ஏறத்தாழ நாற்பது நிமிடம் நீள்கிறது; நொறுங்கிய கார்கள் 93. எண்ணிக்கையே அதன் கலை. 1980இல் வந்த 'தி புளூஸ் பிரதர்ஸ்' அவ்வெண்ணிக்கையை நகைச்சுவையாக்கி முந்தியது.

இவற்றினும் சிந்திக்கத்தக்கது 1974இன் ஜேம்ஸ் பாண்ட் படமான 'தி மேன் வித் தி கோல்டன் கன்'. தாய்லாந்தில் கால்வாய் ஒன்றின் மீது, கார் தன் நீள அச்சில் முழுமையாக ஒருமுறை சுழன்று மறுகரையில் சக்கரம் ஊன்றி நிற்கிறது. கார் விபத்துகளை ஆராய்வதற்கென உருவாக்கப்பட்ட கணினி நிரலைக் கொண்டு அதன் வேகமும் சாய்தளக் கோணமும் கணிக்கப்பட்டன. எடை சமன்பட ஓட்டுநர் இருக்கை காரின் நடுவே வைக்கப்பட்டது. ஒரே முறையில் எடுக்கப்பட்டது. கணினி திரைப்படத் துரத்தலுக்குள் முதலில் நுழைந்தது பொய்யுருவை வரைவதற்கன்று, மெய்யோட்டத்தைக் காப்பதற்கே என்பது இதனால் தெரிகிறது. ஆனால் அத்தாவலின்மீது கோமாளித்தனமான ஊதல் ஒலி ஒன்று சேர்க்கப்பட்டது. கண் கண்டதைச் செவி நம்பவிடவில்லை. பலர் அதைத் தந்திரக் காட்சி என்றே எண்ணினர்.

இதற்கு நேர்மாறானது குளோத் லெலூஷ் 1976இல் பாரிஸில் எடுத்த எட்டு நிமிடக் குறும்படம். விடியற்காலையில், தெருவை மறிக்காமல், சிவப்பு விளக்குகளைப் பொருட்படுத்தாமல், முன்புறம் படக்கருவி பொருத்திய காரில் அவரே மோன்மார்த்ர் குன்றுவரை ஓட்டினார். வெட்டே இல்லை, புல்லிட்டில் காணும் தொகுப்புப் பொய் ஒன்றுகூட இதில் இல்லை. ஆனால் ஓடியது மெர்சிடிஸ். கேட்பது ஃபெராரியின் ஒலி. உண்மையான வேகத்தை ஒலி மிகுத்துக் காட்டியது. முழு மெய்ம்மை எனப் பல்லாண்டு போற்றப்பட்ட படத்தின் பாதி ஒட்டுப்போடப்பட்டது என்பது பின்னரே தெரியவந்தது.

ஐரோப்பாவில் இக்கலையைத் தொழிலாக ஒழுங்குபடுத்தியவர் பிரான்சு நாட்டு ரெமி ஜூலியன். 'தி இத்தாலியன் ஜாப்' (1969) படத்தில் தூரின் நகரின் படிக்கட்டுகளிலும் கூரைகளிலும் மினி கார்கள் பாய்ந்தது அவருடைய குழுவின் திறத்தால். பின்னர் பல பாண்ட் படங்களுக்கும் அவரே பொறுப்பேற்றார். நுண்கணக்குக்குப் பெயர்பெற்ற அவருடைய வாழ்விலும் 1999 ஒரு கறை. 'டாக்சி 2' படப்பிடிப்பில் பாய்ந்த கார் ஒன்று குறித்த இடத்தைத் தாண்டி வீழ்ந்து, ஒளிப்பதிவுக் குழுவினர் ஒருவர் உயிரிழந்தார். பிரெஞ்சு நீதிமன்றம் ஜூலியனைப் பொறுப்பாளியாக்கி, நிறுத்திவைக்கப்பட்ட சிறைத்தண்டனை விதித்தது. ஹாலிக்கியோ 1989இல் தம் படத்தின் இரண்டாம் பகுதியை எடுக்கையில், சாய்க்க ஆயத்தம் செய்த நீர்த்தொட்டிக் கோபுரம் தொடர்பான விபத்தில் மாண்டார். இம்மரணங்கள் துரத்தல் படங்களின் வரலாறுகளில் அடிக்குறிப்பளவே இடம்பெறுகின்றன.

ரோனின் (1998)

ஜான் ஃபிராங்கன்ஹைமர் 1966இலேயே 'கிராண்ட் பிரீ' என்னும் பந்தயப் படத்தை எடுத்தவர். முப்பதாண்டுக்குப் பின் அவர் எடுத்த 'ரோனின்' நடிகர் முகத்திற்கும் ஓட்டுநர் உடலுக்கும் இடைப்பட்ட பழைய சிக்கலுக்கு எளிய தீர்வு ஒன்றைக் கண்டது. வலப்புற ஸ்டியரிங் கொண்ட கார்களைப் பெற்று, இடப்புறம் பொய்யான ஸ்டியரிங் ஒன்று பொருத்தினர். நடிகர் இடப்புறம் அமர்ந்து ஓட்டுவதுபோல் நடிப்பார்; படச்சட்டத்துக்கு வெளியே வலப்புறம் அமர்ந்த தேர்ந்த ஓட்டுநர் பாரிஸ் சுரங்கச் சாலைகளில் உண்மையான வேகத்தில் ஓட்டுவார். அவர்களுள் முன்னாள் ஃபார்முலா ஒன் வீரர் ஜான்-பியேர் ஜாரியேயும் ஒருவர். ராபர்ட் டி நீரோ, நடாஷா மெக்கல்ஹோன் ஆகியோர் முகங்களில் தெரியும் அச்சத்தில் நடிப்பு எவ்வளவு என்று பிரித்தறிய இயலாது. உள்ளத்து உணர்வு உடலின்வழி வெளிப்படுவதை மெய்ப்பாடு எனத் தொல்காப்பிய மரபு கூறும். ஃபிராங்கன்ஹைமரின் முறை அம்மெய்ப்பாட்டை வேகத்தைக் கொண்டே வரவழைத்தது. 1968இல் கண்ணாடியை உயர்த்தி ஓட்டுநரை மறைத்தனர். 1998இல் அவரைச் சட்டத்துக்கு வெளியே அமர்த்தினர். முப்பதாண்டில் அவர் இருக்கை மாறியது; திரையில் அவர் இல்லாமை மாறவில்லை.

இதன்பின் வந்த படங்களில் மெய்யோட்டமும் கணினியும் கலந்தே இயங்குகின்றன. நமீபியப் பாலையில் உண்மையான வண்டிகளைக் கொண்டு எடுக்கப்பட்ட 'மேட் மேக்ஸ்: ஃபியூரி ரோடு' (2015) கணினி வேலைப்பாடு மிகுந்த படமுமாகும், வானும் நிலமும் வண்ணமும் மாற்றப்பட்டுள்ளன, வண்டியின் எடை மாற்றப்படவில்லை. அதற்குக் கிடைத்த ஆறு ஆஸ்கர் விருதுகளுள் படத்தொகுப்பும் ஒன்று. 1968, 1971, 2015 ஆகிய மூன்று ஆண்டின் படங்களிலும் ஓட்டத்தின் சிறப்பைப் போற்ற விருதுக் குழுவிற்குத் தொகுப்பு என்னும் வாயில் கிடைத்ததே தவிர, ஓட்டத்திற்கென ஒரு வாயில் இருக்கவில்லை. தொகுப்பாளர் மூவரும் தகுதியுடையவர் என்பதில் மறுப்பில்லை. 'பென்ஹர்' (1959) படத்தின் தேர்ப்பந்தயத்தை அமைத்த யாக்கிமா கனட்டுக்கு 1967இலும், ஹால் நீடமுக்கு 2012இலும் சிறப்பு விருதுகள் வழங்கப்பட்டன. அவை தனியாளுக்கான மதிப்பு, கலைக்கான பிரிவு அல்ல.

சாகச வடிவமைப்புக்கெனத் தனி விருதுப் பிரிவு ஏற்படுத்துவதாக ஆஸ்கர் அமைப்பு 2025 ஏப்ரலில் அறிவித்தது. 2027இல் வெளியாகும் படங்கள் அதற்குரியன; 2028இல் நிகழும் நூறாவது விழாவில் முதன்முறையாக அது வழங்கப்படும். ஹிக்மன் 1986இலும், லாஃப்டின் 1997இலும், எக்கின்ஸ் 2007இலும், ஜேன்ஸ் 2017இலும் மறைந்தனர். படப்பிடிப்பில் ஓடிய மஸ்டாங்குகளுள் ஒன்று 2020 ஜனவரியில் ஃபுளோரிடாவில் 34 இலட்சம் டாலருக்கு ஏலம் போனது. அதை விளம்பரப்படுத்திய செய்திகளில் பெரும்பாலும் அது ஸ்டீவ் மக்வீனின் கார் என்றே குறிக்கப்பட்டிருந்தது.